கித்தானுக்குள்ளிருந்து நீண்ட கை

பொழுது சாய்வதற்குள் காசில்தா அந்தச் சிற்றாலயத்தைக் கண்டுபிடித்துவிட்டாள். தலையில் சோள ரொட்டிக் கூடை, முதுகில் சால்வையால் இறுக்கிக் கட்டிய அம்மி, இடுப்பில் சிவப்பு நூல் சுற்றிய சுரைக்குடுவை. வழியில் அவள் விசாரித்தவர்கள் எல்லோரும் ஒரே பக்கம்தான் கை காட்டினார்கள். "காயம்பட்டவங்களா? சான் இலாரியோ பண்ணைக் கோயிலுக்குப் போ."

இரண்டு நாளாக அங்கோஸ்துரா கணவாயில் பீரங்கி ஓயவில்லை. இப்போது ஓய்ந்திருந்தது. வடக்கே மலைச்சரிவில் புகை மட்டும் படுத்துக் கிடந்தது.

கோயிலுக்குள் பெஞ்சுகளை விறகுக்கு எடுத்துப் போயிருந்தார்கள். வைக்கோல் பரப்பி, சுவர் ஓரமாகப் பதினோரு பேரைக் கிடத்தியிருந்தார்கள். மெழுகு உருகிய வாடையும் ரத்த வாடையும் கலந்து தொண்டையைப் பிடித்தன. கடைசியில், புதிதாகச் சுண்ணாம்பு அடித்த சுவருக்கு முகம் கொடுத்துப் படுத்திருந்தவன்தான் அவள் புருஷன் நசாரியோ. தொடையில் துணி சுற்றியிருந்தது. துணி கறுத்திருந்தது.

"ஏ புள்ள, உயிரோடதான் இருக்கேன். அழுவாத."

"நான் எங்கய்யா அழுதேன்? ஓடி வந்ததுல வேர்த்திருக்கு."

"வேர்வை கண்ணு வழியா வருமோ?"

அவள் சிரித்துவிட்டாள். ரொட்டியைப் பிய்த்து ஊட்டினாள். குடுவையை வாயில் வைத்தாள். அவன் வலது கையால் அதைப் பிடித்துக் குடித்தான். அந்தக் கையின் ஆள்காட்டி விரல் கோணலாக இருக்கும். எட்டு மாதத்துக்கு முன்னால், ஞாயிற்றுக்கிழமைப் பூசை முடிந்து வெளியே வந்தவனைப் பட்டாளத்தார் கயிற்றில் கட்டி இழுத்துப் போனபோது ஒடிந்த விரல் அது. அன்றைக்கே அவளும் அம்மியைத் தூக்கிக்கொண்டு பின்னால் நடக்க ஆரம்பித்துவிட்டாள். நசாரியோவின் பட்டாளக் கம்பெனியில் பதினெட்டு வாய்க்குச் சோளம் அரைப்பது அவள்தான்.

"ஜெயிச்சிட்டோமாம்ல?" என்றான் நசாரியோ. "அமெரிக்காக்காரன், அந்த கிரிங்கோவோட மூணு பீரங்கியைப் பிடிச்சாச்சாம். நாளைக்கு ஒரு தள்ளு தள்ளினா ஓடிருவானாம்."

"பேசாம படு. அப்புறம் ஜெயிக்கலாம்."

அந்த நேரத்தில்தான் சார்ஜென்ட் எவரிஸ்தோ உள்ளே வந்தான். அவர்கள் ஊர்க்காரன். அம்மை வாங்கிக்கொண்டு போன அவர்களுடைய பெண் குழந்தைக்கு ஞானத்தகப்பன். அவன் காசில்தாவை வெளியே கூப்பிட்டுக் குரலைத் தாழ்த்தினான்.

"தங்கச்சி, பின்வாங்கச் சொல்லி உத்தரவு வந்திருக்கு."

"ஜெயிச்சுட்டோம்னாங்களே அண்ணே?"

"எனக்கென்ன தெரியும்? மேல இருக்கிறவங்க சொல்றாங்க. தீயெல்லாம் அணைக்காம அப்படியே விட்டுட்டுப் போகணுமாம். நாம அங்கயே இருக்கோம்னு எதிரி ஏமாறணுமாம்."

காசில்தா புகை கிடந்த மலைச்சரிவைப் பார்த்தாள். பதினாறு நாள் பாலைவனம் நடந்து, பனியிலும் பட்டினியிலும் பாதிப் பேரைப் பறிகொடுத்து வந்தது, தீயை எரியவிட்டு ஓடிப்போகத்தானா?

"இவரு எப்படி நடப்பாரு?"

"நடக்க வேணாம். பின்பக்கம் வண்டி வருது. ஆறு பேரை ஏத்தறோம், நசாரியோ அதுல ஒருத்தன். நீ அம்மியோட போயி வரிசையில நில்லு. வண்டி நம்ம கம்பெனிக்குப் பின்னாலயே வரும்."

"நான் கூட இருந்து ஏத்திட்டு வரேன்."

"கேப்டன் பார்த்தா எல்லாரையும் இறக்கிவிட்டுருவாரு. போ தங்கச்சி. நம்ம சின்னது மேல ஆணையா, நானே தூக்கி வைக்கிறேன்."

செத்த குழந்தையின் மேல் ஆணையிட்டவனை யார் சந்தேகப்படுவார்கள்? அவள் உள்ளே எட்டிப் பார்த்தாள். நசாரியோ கண்ணயர்ந்திருந்தான். எழுப்ப மனம் வரவில்லை. அம்மியைத் தூக்கிக்கொண்டு போனாள்.

மறுநாள் விடிந்தபோது படை பாலைவனத்துக்குள் வந்துவிட்டிருந்தது. வண்டி சொன்னபடியே கம்பெனிக்குப் பின்னால் வந்தது. இரண்டு பெரிய சக்கரம், நான்கு கோவேறு கழுதைகள், மேலே அழுக்குக் கித்தான். கித்தானைச் சுற்றிலும் கயிற்றால் இறுக்கியிருந்தார்கள்.

"எதுக்கண்ணே இப்படிக் கட்டியிருக்கு? மூச்சு முட்டாதா?"

"ஈ மொய்க்குது, காத்து வாட்டுது. டாக்டர் சொன்னாரு. யாராவது கயித்தை அவுத்தா இருபத்தஞ்சு கசையடி, சொல்லிட்டேன்." எவரிஸ்தோ அவள் முகத்தைப் பார்க்காமல் முன்னால் நடந்தான்.

காசில்தா வண்டியின் பின்பக்கம் ஒட்டி நடந்தாள். வெயில் ஏற ஏற மண் வெளுத்தது. காற்று நின்றது. ஆயிரக்கணக்கான கால்கள் கிளப்பிய தூசியில் சத்தங்கள்கூட மங்கிப்போயின. உச்சிவேளையில், கித்தானின் பின்மூலையில் கயிறு தளர்ந்திருந்த இடத்தில் வாயை வைத்துக் கூப்பிட்டாள்.

"யோவ், நசாரியோ."

சக்கரம் கிறீச்சிட்டது.

"நசாரியோ, நான்தான்."

"தண்ணி," என்றது உள்ளேயிருந்து ஒரு குரல்.

அவள் குடுவையை நீட்டினாள். இடுக்கு வழியாக ஒரு கை வந்தது. கோணல் ஆள்காட்டி விரல். கை குடுவையை உள்ளே வாங்கிக்கொண்டது. மடக்கு மடக்கென்று விழுங்கும் சத்தம் கேட்டது. பிறகு குடுவை வெளியே வந்தது, காலியாக. அவள் அந்த விரலை ஒரு கணம் பிடித்துக்கொண்டாள். சூடாக இருந்தது. காய்ச்சல் என்று நினைத்தாள்.

வண்டிக்காரனிடம் போய், "மேடு பள்ளம் பார்த்து ஓட்டுங்கண்ணே, உள்ளே என் புருஷன் படுத்திருக்காரு" என்றாள்.

அவன் அவளை ஏற இறங்கப் பார்த்தான். "உள்ளேயா?"

"ஆமா."

"நான் எதையும் பார்க்கலம்மா. எதையும் கேட்கல. ஓட்டச் சொன்னாங்க, ஓட்டறேன்." அவன் சிலுவை போட்டுக்கொண்டு கழுதையை அதட்டினான்.

அந்த வழியில் தண்ணீர் என்பது உப்புக் குட்டையும் கலங்கிய கிணறும்தான். முன்னால் போகிற குதிரைப்படை குடித்து, கலக்கி, மிச்சம் வைப்பதுதான் பின்னால் வருகிறவர்களுக்கு. ஒரு பெண்ணுக்கு ஒரு நாளைக்கு ஒரு குடுவை. இரண்டாம் நாள் அவள் தன் பங்கில் உதட்டை நனைத்துக்கொண்டு மீதியை அப்படியே இடுக்கில் நீட்டினாள். சாலை ஓரமெங்கும் ஆட்கள் உட்கார்ந்திருந்தார்கள். சிலர் எழுந்திருக்கவே போவதில்லை என்று பார்த்தாலே தெரிந்தது.

கூட நடந்த லூகார்தா திட்டினாள். மூன்று சண்டையில் மூன்று புருஷனைக் கொடுத்தவள் அவள். "மூணு பேரையும் சர்க்காருக்கு எழுதிக் கொடுத்துட்டேன், நாலாவதுக்கு என்கிட்ட ஆளில்ல" என்று சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள்.

"ஏண்டி, நீ குடிக்காம செத்தா அவனுக்கு நாளைக்கு யாரு கொடுப்பா?"

"காயம்பட்டவருக்குத் தாகம் ஜாஸ்தி அக்கா. கேளு, கூப்பிடறாரு."

லூகார்தா கித்தானில் காதை வைத்தாள். நெடுநேரம் வைத்திருந்தாள். அவள் முகத்திலிருந்த சிரிப்பு போய்விட்டது.

"எனக்கு ஒண்ணும் கேக்கலடி."

"இப்பத்தானே 'தண்ணி'ன்னாரு?"

"கழுதை மூச்சு விடறது கேக்குது. சக்கரம் கேக்குது." லூகார்தா விலகி நடந்தாள். "ஆறு பேரு படுத்திருக்காங்கன்னு சொன்னே. ஒருத்தன்கூட முனகல."

அன்று கை வெளியே வந்தபோது சூடு குறைந்திருந்தது. குடுவை திரும்பி வந்ததும் காசில்தா அதை முகர்ந்து பார்த்தாள். மெழுகுவர்த்திப் புகை வாடை.

வெட்டவெளியில், உச்சி வெயிலில், கோயில் வாடை.

மூன்றாம் நாள் கை சில்லென்று இருந்தது. நகக்கண்களில் வெள்ளையாக ஏதோ அப்பியிருந்தது. அவள் கட்டைவிரலால் தேய்த்துப் பார்த்தாள். சுண்ணாம்பு. வண்டிக்குள் ஏது சுண்ணாம்பு?

"நசாரியோ, உள்ளே என்னய்யா பண்றே?"

அவள் இடுக்கில் காதை வைத்தாள்.

"பக்கத்துல யாரு படுத்திருக்கா?"

"நீ வெளியதானே இருக்கே?" என்று கேட்டது குரல். வண்டிக்குள்ளிருந்து வந்த மாதிரி இல்லை. நான்கு சுவருக்குள் பேசுவதுபோல எதிரொலித்தது.

"வெளியதான் இருக்கேன். எங்கே போவேன்?"

"சரி," என்றான். "அது போதும்."

நான்காம் நாள் உச்சிப்பொழுதில் எல் சலாதோ தெரிந்தது. கிணறு இருக்கும் ஊர். படை கொஞ்சம் வேகம் பிடித்தது. காசில்தாவுக்குக் கண் இருட்டிக்கொண்டு வந்தது. ஊர் வந்துவிடும், அங்கே குடித்துக்கொள்ளலாம் என்று குடுவையில் இருந்ததை முழுசாக இடுக்கில் நீட்டினாள். கை வந்தது. குடுவையை வாங்கிக்கொண்டு உள்ளே போனது.

அப்போது அச்சு முறிந்தது.

வண்டி ஒரு பக்கமாகச் சாய்ந்தது. கயிறு அறுந்து, கித்தான் பிளந்து சரிந்தது. உள்ளேயிருந்து தோல் பெட்டிகள் உருண்டன. வெள்ளி மெழுகுவர்த்தித் தண்டுகள் சிதறின. பொன்முலாம் பூசிய சட்டம் போட்ட ஒரு பெரிய கண்ணாடி மண்ணில் விழுந்து நொறுங்கியது. குதிரையில் வந்த கேப்டன், "என் கண்ணாடி! என் கண்ணாடி!" என்று கத்தினார்.

ஆள் யாரும் இல்லை.

வைக்கோல் இல்லை. ரத்தக் கறை இல்லை. ஒரு மனிதன் படுக்க அந்த வண்டியில் இடமே இல்லை.

காசில்தா பெட்டிகளைப் புரட்டினாள். துணிமணிகளை வாரி எறிந்தாள். "நசாரியோ! நசாரியோ, எங்கேய்யா இருக்கே?" என்று அலறினாள். அந்த அலறலுக்கு முன்வரிசையில் இருந்தவர்கள்கூடத் திரும்பிப் பார்த்தார்கள். அவன் இல்லை. கொடுத்து ஒரு நிமிடம்கூட ஆகாத குடுவையும் இல்லை.

எவரிஸ்தோ வந்து அவள் தோளைப் பிடித்தான். அவள் அவன் சட்டையைக் கொத்தாகப் பற்றினாள்.

"எங்கடா அவரு?"

"தங்கச்சி..."

"அந்த வார்த்தையைச் சொல்லாத. எங்க?"

"அங்கயேதான். கோயில்ல." அவன் குரல் கிணற்றுக்குள்ளிருந்து வருவதுபோல இருந்தது. "வண்டி வந்துச்சு. கேப்டன் தன்னோட பெட்டிங்களை ஏத்தச் சொன்னாரு. நான் என்ன பண்ணுவேன்?"

"என்கிட்ட சொல்லியிருக்கலாம்ல? நான் அங்கயே இருந்திருப்பேன்ல?"

"அதான் சொல்லல." எவரிஸ்தோ தலையைக் குனிந்தான். "நீ நின்னா கூட நாலு பொம்பளைங்க நிப்பாங்க. பதினெட்டு பேருக்கு யாரு அரைக்கிறது? அம்மி வேணும்னு கேப்டன் சொன்னாரு. நீ நடந்தாதான் அம்மி நடக்கும்."

அவள் முதுகிலிருந்து சால்வை முடிச்சை அவிழ்த்தாள். அம்மி அவன் காலடியில் விழுந்து இரண்டாகப் பிளந்தது.

"அரைச்சுக்கோ," என்றாள்.

லூகார்தா தன் தோல்பையை, அதில் இருந்த தண்ணீரோடு, காசில்தாவின் கழுத்தில் மாட்டினாள். போகாதே என்று சொல்லவில்லை. "நாலு நாளா நீ யாருக்குடி கொடுத்தே?" என்று மட்டும் காதோரம் கேட்டாள்.

காசில்தா வடக்கே திரும்பி நடந்தாள். ஒருவரும் தடுக்கவில்லை. படை போனபிறகு கிணறுகளில் தண்ணீர் தானாக ஊறியிருந்தது, தெளிந்தும் இருந்தது. குடிக்கத்தான் ஆள் இல்லை. சாலையின் இரு பக்கமும் உட்கார்ந்த வாக்கில் இறந்திருந்தவர்களை அவள் ஒவ்வொருவராக முகம் பார்த்துக்கொண்டே போனாள். திரும்பி நடந்த ஆறாம் நாள் காலையில் சான் இலாரியோ வந்தது.

கோயில் கதவு திறந்திருந்தது. உள்ளே ஒருத்தி தரையைக் கழுவிக்கொண்டிருந்தாள். பண்ணையில் ஆடு மேய்க்கிறவனின் மனைவி, பெயர் தெயோதோரா. காசில்தா வாய் திறப்பதற்குள், "எல்லாரையும் புதைச்சாச்சும்மா" என்றாள் அவள்.

"தொடையில அடிபட்டவரு. கோணல் விரலு."

தெயோதோரா துடைப்பத்தைச் சுவரில் சாய்த்துவிட்டு அவளைக் கூர்ந்து பார்த்தாள்.

"நீ அவன் பொண்டாட்டியா?"

"ஆமா."

"உக்காரு."

படை போன அன்றே கிணற்றில் சேறுதான் மிச்சம் என்றாள் தெயோதோரா. துணியில் சேற்றைக் கட்டிப் பிழிந்து சொட்டுச் சொட்டாகப் பதினோரு பேருக்கும் விட்டாளாம். இரண்டே நாளில் ஏழு பேர் நாக்கு வெளியே தள்ளிப் போய்விட்டார்கள். நசாரியோ மட்டும் சொட்டு வேண்டாம் என்றான்.

"'என் பொண்டாட்டி தினம் கொண்டாந்து தர்றா'ன்னான். பேத்தறான்னு நெனச்சேன். ஆனா உச்சிவேளைக்கு அப்புறம் போய்ப் பாப்பேன், உதடு நனைஞ்சிருக்கும். தாடியில தண்ணி நிக்கும். நெஞ்சுல சட்டை ஈரமா இருக்கும். சுத்தி இருக்கிறவன் எல்லாம் காஞ்சு கருவாடாக் கிடக்கான். இவனுக்கு எங்கேருந்து தண்ணி? இதோ, இந்தச் சுவரைப் பாரு. இங்கதான் கையை வச்சுக்கிட்டே இருப்பான்."

சுண்ணாம்புச் சுவரில், படுத்தவன் கைக்கு எட்டும் உயரத்தில், நகத்தால் சுரண்டிய பள்ளம் இருந்தது. ஒரு கை நுழைகிற அகலம். அந்தப் பக்கம் கல்தான்.

காசில்தா அந்தப் பள்ளத்தில் கையை வைத்தாள். "சார்ஜென்ட் அவருகிட்ட என்ன சொல்லிட்டுப் போனான்?"

"நீ வெளியதான் இருக்கே, அவன்கூடவே நீ தங்கப்போறதா சொன்னானாம். அதை நம்பிக்கிட்டேதான் கிடந்தான்."

ஒரே ஆள், ஒரே சாயங்காலம், இரண்டு பேரிடமும் பொய் சொல்லிவிட்டுப் போயிருக்கிறான்.

"நாலாம் நாளு," என்று தெயோதோரா தயங்கினாள். "நாலாம் நாள் உச்சியில நான் கூடவே இருந்தேன். அவன் கையில ஒரு குடுவை இருந்துச்சு. எப்படி வந்துச்சுன்னு மாதா மேல சத்தியமா எனக்குத் தெரியாது. நெறைய தண்ணி. வாய்கிட்ட கொண்டு போனான். அப்படியே நிறுத்திட்டான். வெளியில யாரோ கத்தினாப்ல காதைத் தீட்டிக் கேட்டான். 'காசில்தா ஏன் அவ்வளவு தூரத்துல கத்தறா?'ன்னு என்னைக் கேட்டான்."

காசில்தா பள்ளத்திலிருந்து கையை எடுத்தாள்.

"நான் பாவி. உண்மையைச் சொல்லிட்டேன். 'இங்க பொம்பளைங்க யாரும் இல்லப்பா. படை போயி நாலு நாளாச்சு, எல்லாப் பொம்பளைங்களும் அது கூடவே போயிட்டாங்க'ன்னேன். அவன் குடுவையைப் பார்த்தான். ரொம்ப நேரம் பார்த்தான். 'போயிட்டாளா?'ன்னான். குடுவையைக் கீழ வச்சுட்டான். நான் எடுத்து வாயில வச்சேன், பல்லைக் கடிச்சுக்கிட்டான். சுவர்ப் பக்கம் திரும்பிக்கிட்டான். பொழுது சாயறதுக்குள்ள போயிட்டான்."

அவள் மாடத்திலிருந்து குடுவையை எடுத்துவந்து காசில்தாவின் மடியில் வைத்தாள். கழுத்தில் சிவப்பு நூல் சுற்றிய அவளுடைய குடுவைதான். ஆறு நாள் ஆகியும் விளிம்புவரை தண்ணீர் நின்றது.

கோயிலுக்குப் பின்னால் பதினோரு மண்மேடுகள். கடைசி மேட்டைக் காட்டிவிட்டுத் தெயோதோரா ஒதுங்கி நின்றாள். வெயில் உச்சியில் இருந்தது. மாதக்கணக்காக மழை காணாத மண், பாளம் பாளமாக வெடித்திருந்தது.

காசில்தா மண்டியிட்டாள்.

"நான் போகலய்யா. என்னை ஏமாத்திக் கூட்டிட்டுப் போனாங்க. ஒவ்வொரு நாளும் என் பங்கை உனக்குத்தான் கொடுத்தேன். உன் கையைப் பிடிச்சேனே, தெரியலையா? குடி. குடிய்யா."

குடுவையைச் சாய்த்தாள்.

தண்ணீர் மண்ணில் விழுந்தது. உள்ளே இறங்கவில்லை. கற்றாழை மடலில் விழுந்த துளிபோல உருண்டு திரண்டு மேட்டின் மேல் நின்றது. பிறகு மெதுவாகச் சரிந்து கீழே ஓடியது. மேட்டைத் தாண்டிய இடத்தில், வழியில் கிடந்த சாதாரண மண் அதை ஒரே உறிஞ்சாக உறிஞ்சிக்கொண்டது.

அவள் மறுபடி ஊற்றினாள். மறுபடி வழிந்து ஓடியது. மேட்டின் மேல் ஒரு ஈரப்பொட்டுகூட இல்லை.

"அம்மா, எழுந்திரு. வந்துடு," என்று தெயோதோரா பின்னாலிருந்து கூப்பிட்டாள்.

காசில்தா எழவில்லை. காலிக் குடுவையைக் கீழே வைத்துவிட்டு மண்மேட்டில் காதை வைத்தாள்.

காற்று இல்லை. பறவை இல்லை.

மண்ணுக்கடியில், மிக அருகில், வறண்ட தொண்டை ஒன்று எச்சிலை விழுங்கப் பார்த்தது. விழுங்க ஒன்றும் இல்லாமல் கரகரத்தது. கொஞ்சம் பொறுத்து மறுபடியும் கரகரத்தது.

"தண்ணி தரட்டுமாய்யா?" என்று கிசுகிசுத்தாள்.

சத்தம் சட்டென்று நின்றது. உள்ளே யாரோ அவளுக்கு முதுகு காட்டித் திரும்பிப் படுத்ததுபோல, அவள் கன்னத்தின் கீழே மண் மெல்ல அசைந்தது.